பட்டமரம் இல்ல, இலை கொட்டின மரம்

போன டிசம்பர் கடைசில எங்க அண்ணன் மகன் ஹூஸ்டன்ல இருந்து ஒரு போட்டோ அனுப்பினான், டெக்சாஸும் லூசியானாவும் சேர்ற எல்லைல கேடோ ஏரின்னு ஒண்ணு இருக்கு, கிறிஸ்மஸ் லீவுக்கு அங்க போயி போட்ல சுத்திருக்கான். கறுத்த தண்ணி, அதுக்கு நடுவுல பெரிய பெரிய மரம், ஒண்ணுலயும் ஒரு இலை கிடையாது, கொம்புல எல்லாம் சாம்பல் கலர்ல ஏதோ ஜடை மாதிரி தொங்குது. அம்மாட்ட காட்டினேன், கண்ணாடிய போட்டுட்டு பாத்தாங்க, பாத்துட்டு "எல்லாம் பட்டமரமால்ல இருக்கு மக்ளே, தண்ணி கெட்டி நிறுத்துனதுல வேரு அழுகிப் போச்சு போல"ன்னாங்க. எனக்கும் அப்பிடித்தான் தோணிச்சு. நம்ம கன்னியாகுமரி மாவட்டத்துல பேச்சிப்பாறை அணைல தண்ணி குறையிற நேரம் உள்ள மூழ்கின பழைய மரத்தோட குத்தி, அதான் அடிக்கட்டை, எல்லாம் தெரியும்ல, அதே மாதிரி ஒரு ஏரில மூழ்கிச் செத்த காடுன்னுதான் நெனச்சேன்.

அவன்ட்ட கேட்டா, "இல்ல சித்தப்பா, உயிரோட உள்ள மரந்தான், மழக்காலம் மாதிரி இங்க குளிர்காலம், இலை கொட்டிருக்கு, மார்ச்ல வந்துரும்"ங்கான். பேரு பால்ட் சைப்ரஸ். பால்ட்னா மொட்டை. இந்த மொட்டை அடிக்கிற பழக்கத்தாலதான் அந்தப் பேரே.

அன்னைக்கு தொடங்கி இந்த மரத்தப் பத்தி கிடைச்சத எல்லாம் படிச்சேன். படிக்கப் படிக்க நம்ம ஊரு குளம், நம்ம ரப்பர், மணக்குடி கண்டல் காடு (அலையாத்திக் காடு) எல்லாம் ஒண்ணொண்ணா ஞாபகம் வந்துட்டே இருந்துச்சு. தண்ணியில நிக்கிற மரம்னு எல்லாரும் சொல்றாங்க, ஆனா அந்த மரத்தோட கதைல தண்ணி வத்துறதுக்கு உள்ள பங்கு தண்ணி நிக்கிறதுக்கு உள்ள பங்கை விடப் பெருசு. அத சொல்லத்தான் இத எழுதுறேன்.

முதல்ல இலை விஷயம். இலை கொட்டுறது நமக்குப் புதுசு இல்ல. குலசேகரம், திற்பரப்பு, அருமனை பக்கம் டிசம்பர் ஜனவரில போனா ரப்பர் தோட்டம் பூரா மொட்டையா நிக்கும், கீழ சருகு முட்டளவுக்குக் கிடக்கும், வெளியூர்ல இருந்து வர்றவங்க தோட்டமே நோய் வந்து போச்சான்னு கேப்பாங்க. மாசி பங்குனில தளிர் வந்துரும், அந்தத் தளிர்ல ஊறுற தேனத்தான் மார்த்தாண்டம் தேனீக்காரங்க பெட்டி பெட்டியா கொண்டு வெச்சு எடுக்காங்க. ஆனா ரப்பர் பூ பூத்து காய் காய்க்கிற அகல இலை மரம். பால்ட் சைப்ரஸ் அந்த வகை இல்ல, அது ஊசியிலை மரத்தோட ஜாதி, பூ கிடையாது, பழம் கிடையாது, கூம்புல விதை வைக்கிற கூட்டம். அந்தக் கூட்டத்துல கிட்டத்தட்ட எல்லாமே வருஷம் பூரா பச்சையா நிக்கும். அதுல மொத்தமா இலை கொட்டுறது விரல் விட்டு எண்ணுற அளவுக்குத்தான் இருக்கு, லார்ச்னு ஒரு வகை, சீனாவுல உள்ள டான் ரெட்வுட், அப்புறம் இது, இன்னும் ஒண்ணு ரெண்டு.

இங்க ஒண்ணு சொல்லிட்டுப் போறேன், ஏன்னா எங்க வீட்டுலயே இந்தக் குழப்பம் வந்துச்சு. ஊசியிலை மரம்னு சொன்ன உடனே நம்ம ஆளுங்களுக்கு ஞாபகம் வர்றது சவுக்கு, மேற்கு பக்கம் காத்தாடி மரம்னும் சொல்லுவாங்க, கிறிஸ்மஸ் நேரம் குடில் பக்கத்துல வெட்டி நடுறது அதத்தான். சவுக்கு ஊசியிலை மரமே கிடையாது. அது பூக்குற மரம், ஊசி மாதிரி தெரியுறது உண்மையில பச்சையா உள்ள சின்னக் குச்சி, இலை அந்தக் குச்சியோட கணுவுல கண்ணுக்குத் தெரியாத அளவுக்கு செதிலா ஒட்டிக்கிட்டு இருக்கும். பாக்க கூம்பு மாதிரி ஒரு காய் காய்க்கும், அதுவும் கூம்பு இல்ல. சில சர்ச் காம்பவுண்டுல அடுக்கடுக்கா நேரா ஏறி நிக்குதே அரக்கேரியா, அதுதான் நிஜமான ஊசியிலைக் கூட்டம். மேற்குத் தொடர்ச்சி மலைக் காட்டுல இயற்கையா உள்ள ஊசியிலை மரம் ஒரே ஒரு இனந்தான், அதுக்கும் ஊசி மாதிரி இலை கிடையாது, அகலமாத்தான் இருக்கும்.

பால்ட் சைப்ரஸோட இலை ஒரு சென்டிமீட்டர், ஒன்றரை சென்டிமீட்டர் நீளத்துல தட்டையா, மெத்துன்னு, ஒரு குச்சியோட ரெண்டு பக்கமும் வரிசையா, கோழி இறகு மாதிரி இருக்கும். அதோட அறிவியல் பேரு டாக்சோடியம் டிஸ்டிகம், அதுல டிஸ்டிகம்னா ரெண்டு வரிசைன்னு அர்த்தம். செடி கொடிக்குப் பேரு வைக்கிற முறைய உண்டாக்கின லின்னேயஸ் 1753-ல பேரு வெச்சப்பவே அந்த ரெண்டு வரிசையத்தான் கவனிச்சிருக்காரு. இலையுதிர் காலத்துல பச்சை போயி செம்பு கலர், துரு கலர்னு மாறும், அப்புறம் விழும்போது இலை தனியா விழாது, அந்தச் சின்னக் குச்சியோட சேந்து இறகு இறகா விழும். வசந்தத்துல வர்ற தளிர் புளியங்கொழுந்து மாதிரி வெளிறின பச்சையா இருக்கும், போட்டோவுலயே கண்ணுக்குக் குளிர்ச்சி.

ஏன் இது மட்டும் கொட்டுது? ரப்பர் நம்ம வெயில் காலத்துக்குப் பயந்து கொட்டுது, இது குளிருக்கும் வெளிச்சக் குறைவுக்கும் கொட்டுதுன்னு சுலபமா சொல்லிரலாம். ஆனா அதே குளிர்ல பக்கத்துல நிக்கிற பைன் மரம் பச்சையாத்தானே நிக்குது. இந்தக் குடும்பத்தோட மூதாதைங்க 4 கோடி 5 கோடி வருஷத்துக்கு முன்னாடி, பூமி ரொம்ப வெக்கையா இருந்தப்ப, வட துருவத்துப் பக்கம் காடா நின்னிருக்கு, கனடாவோட ஆக்சல் ஹைபர்க் தீவுல அந்தக் காட்டோட குத்தி கல்லாகக்கூட மாறாம மரமாவே இன்னும் கிடக்கு. அங்க குளிர்காலம்னா மாசக்கணக்குல இருட்டு. அந்த இருட்டுக் காலத்துப் பழக்கந்தான் இதுன்னு ஒரு கூட்டம் சொல்லுது, அதுக்கு எதிரா பரிசோதனை செஞ்சு காட்டினவங்களும் இருக்காங்க. இதோட சொந்தக்கார மரம் ஒண்ணு மெக்சிகோவுல இருக்கு, மான்டெசூமா சைப்ரஸ், அது வெக்கை உள்ள இடத்துல கிட்டத்தட்ட வருஷம் பூரா பச்சையாவே நிக்கும். ஓவாகா பக்கத்துல துலே ஊர்ல ஒரு சர்ச் முன்னாடி நிக்கிற அந்த ஜாதி மரத்தத்தான் உலகத்துலயே தடிச்ச அடிமரம்னு சொல்றாங்க.

ஜடை மாதிரி தொங்குதேன்னு அம்மா கேட்டது ஸ்பானிஷ் மாஸ். பேருதான் பாசி, அது பாசியும் இல்ல ஸ்பெயின்ல இருந்து வந்ததும் இல்ல, நம்ம கைதச்சக்கை, அதான் அன்னாசி, அதோட குடும்பம். மரத்துல தொங்கிக்கிட்டு காத்துல இருந்தே ஈரம் எடுத்துக்கும், மரத்தை உறிஞ்சாது.

அடுத்து முட்டு. இந்த மரத்தப் பத்தி யாரு பேசினாலும் கடைசில வந்து நிக்கிற இடம் இதுதான். மரத்தச் சுத்தி தரைல இருந்தும் தண்ணிக்குள்ள இருந்தும் கூம்பு கூம்பா கட்டையா ஏதோ எழும்பி நிக்கும், சிலது ஒரு அடி, சிலது ஆள் உயரம். வேருல இருந்து மேல்பக்கமா வளர்றது. அவங்க அதுக்கு சொல்ற பேரும் முட்டுதான், கால் முட்டு. போட்டோல தூரத்துல பாக்க ஒரு கூட்டம் ஆளுங்க தண்ணிக்குள்ள முக்காடு போட்டு நிக்கிற மாதிரி இருந்துச்சு.

மணக்குடி காயல்ல கண்டல் பாத்தவங்க உடனே சொல்லுவாங்க, இது சுவாச வேருதானேன்னு. பழையாறு கடல்ல சேர்ற அந்த இடத்துல தண்ணி இறங்கினா சேத்துக்குள்ள இருந்து பென்சில் நட்டு வெச்ச மாதிரி வேரு வேரா மேல நிக்கும், சேத்துக்குள்ள காத்து இல்ல, அதனால மரம் மூக்க வெளிய நீட்டி மூச்சு விடுது. அதுல சந்தேகமே இல்ல, அந்த வேர்ல காத்து போறதுக்குத் துளை இருக்கு, உள்ள பஞ்சு மாதிரி காத்து நிக்கிற திசு இருக்கு. ஆனா பால்ட் சைப்ரஸ் முட்டுல அந்தத் துளையையும் பஞ்சையும் தேடினா கண்டல் மாதிரி கிடைக்காது, அது பெரும்பாலும் கட்டிக் கட்டையாத்தான் இருக்கும். முட்டு எல்லாத்தையும் வெட்டி எடுத்த பிறகும் மரம் பாட்டுக்கு நல்லா நின்னதாவும் எழுதி வெச்சிருக்காங்க. அதனால சில பேரு இது மூச்சுக்கு இல்ல, குழைசேறுல மரம் சாயாம இருக்க ஆணி அடிச்ச மாதிரின்னு சொன்னாங்க, மாவுச்சத்து சேத்து வைக்கிற இடம்னு சொன்னவங்களும் உண்டு. 200 வருஷமா இந்தப் பேச்சு ஓடுது. 2015-ல வந்த ஒரு ஆய்வு மறுபடி மூச்சுப் பக்கமே சாஞ்சுச்சு, முட்டு வெளிக்காத்துல இருக்கும்போது அதோட சேந்த வேர்ல ஆக்சிஜன் கூடுதலா இருக்குன்னு அளந்து காட்டினாங்க. எனக்கு என்னமோ ஒரே ஒரு காரணந்தான் இருக்கணும்னு தேடுறதே தப்பா இருக்கும்னு படுது. ஒரு விஷயம் மட்டும் எல்லாரும் ஒத்துக்கிறாங்க, எப்பவும் காஞ்ச தரைல நிக்கிற மரத்துல முட்டு அநேகமா வர்றதில்ல, எப்பவும் ஆழமா தண்ணி நிக்கிற இடத்துலயும் வர்றதில்ல. தண்ணி ஏறி இறங்குற இடத்துலதான் முட்டு. அடிமரம் யானைக்கால் மாதிரி வீங்கி நிக்கிறதும் அப்பிடித்தான், தண்ணி வழக்கமா எந்த உயரம் வரைக்கும் வந்து நிக்குமோ அதை ஒட்டித்தான் வீக்கம் ஏறும், மேல போகப் போக மரம் திடீர்னு ஒல்லியாயிரும்.

முட்டு பாக்கணும்னா அமெரிக்கா வரைக்கும் போகவும் வேண்டாம். நம்ம எல்லைய தாண்டி கொல்லம் மாவட்டம் குளத்துப்புழா பக்கம் காட்டுக்குள்ள ஜாதிக்காய் குடும்பத்து மரங்க நிக்கிற சதுப்பு இருக்கு, அங்கயும் வேரு வளையம் வளையமா முட்டு போட்டு மேல எழும்பி திரும்ப மண்ணுக்குள்ள போகும். ரெண்டுக்கும் ஒரு சொந்தமும் கிடையாது, ஒண்ணு ஊசியிலை ஜாதி, ஒண்ணு பூக்குற ஜாதி, ஆனா ஒரே கஷ்டத்துக்கு ரெண்டு பேரும் முட்டு மடக்கிருக்காங்க.

இனி விதை. நான் சொல்ல வந்ததே இதுதான்.

கூம்புன்னு சொன்னா நீட்டமா நெனைக்க வேண்டாம், இதோட கூம்பு உருண்டை, பெரிய நெல்லிக்கா அளவு, பச்சையா இருந்து பிறகு தவிட்டுக் கலருக்கு மாறும், உடைச்சா பிசினு கையில ஒட்டும். ஒண்ணுக்குள்ள 20, 30 விதை. முத்தினா கூம்பே உடைஞ்சு துண்டு துண்டா தண்ணில விழும், விதை மிதந்து போகும், வெள்ளம் எங்க கொண்டு போயி ஒதுக்குதோ அங்க ஒதுங்கும். இதுவரைக்கும் தண்ணிதான் எல்லாம். ஆனா தண்ணிக்குள்ள கிடந்தா அந்த விதை முளைக்காது. கெட்டும் போகாது, ஒரு வருஷத்துக்கு மேலயும் உயிரோட கிடக்கும், முளைக்க மட்டும் செய்யாது. தண்ணி வத்தணும், சேறு வெளிய தெரியணும், சேறு ஈரமா இருக்கணும், காயவும் கூடாது, அப்பத்தான் முளை. முளைச்ச பிறகு அடுத்த வெள்ளம் வர்றதுக்குள்ள அந்த மரக்கண்ணு தலைய தண்ணிக்கு மேல வைக்கிற உயரத்துக்கு ஓடி ஏறணும். தளிர் விட்டு நிக்கிற காலத்துல முழுசா முங்கி கொஞ்ச வாரம் கிடந்தா செத்துரும். பெரிய மரம் ஆயிட்டா பிறகு தண்ணி வருஷக்கணக்குல நின்னாலும் அதுக்கு ஒண்ணும் இல்ல.

இத படிச்சப்ப எனக்கு ஒரு மாதிரி ஆயிருச்சு. அந்தச் சதுப்புல நிக்கிற ஒவ்வொரு மரமும், எப்பவோ ஒரு வருஷம் தண்ணி வத்தினதுக்கு சாட்சி. 500 வருஷத்து மரம்னா, 500 வருஷத்துக்கு முன்னாடி அந்த இடத்துல தண்ணி வத்தி சேறு தெரிஞ்ச ஒரு கோடை இருந்திருக்கு.

மணக்குடில நட்டு வளத்த கண்டல் இதே கஷ்டத்தை எப்பிடி சமாளிக்குதுன்னு பாருங்க. அதுல சில ஜாதி விதைய மரத்துலயே முளைக்க விட்டுரும், முருங்கைக்கா மாதிரி நீளமா வேரு நீட்டின கண்ணாத்தான் தாய் மரத்துல இருந்து இறங்கும், சேத்துல ஒட்டிக்கும், இல்லன்னா மிதந்து போயி இடம் பாத்து நிக்கும். கடல் தினமும் ஏறி இறங்குது, காத்திருக்க நேரம் இல்ல, அதனால பிள்ளைய வளத்தே அனுப்புது. சைப்ரஸ் நிக்கிற ஆத்துச் சதுப்புல தண்ணி ஏறி இறங்குறது மாசக்கணக்கு, சிலப்போ வருஷக்கணக்கு, அங்க பொறுமையா கிடக்குற விதைதான் பொழைக்கும்.

இப்ப அண்ணன் மகன் போன கேடோ ஏரிக்கு வர்றேன். ஒரு காலத்துல ரெட் ஆத்துல மரங்க அடிச்சுட்டு வந்து மைல் கணக்குல அடைச்சுக் கிடந்துச்சு, அந்த அடைப்புல பின்னால தேங்கின தண்ணிதான் ஏரி ஆச்சுன்னு சொல்றாங்க. 1870கள்ல அடைப்ப எடுத்தாங்க, ஏரி வத்த ஆரம்பிச்சுது, பிறகு 1914-ல அணை கட்டி தண்ணிய நிறுத்தினாங்க. அதுல இருந்து மட்டம் பெருசா இறங்குறது இல்ல. போட்டோல நிக்கிற பெரிய மரங்க எல்லாம் பாக்க அவ்வளவு அழகு, ஆனா ஏரி நடுவுல அதுக்குக் கீழ கண்ணு கிடையாது. கிழவன் கிழவி மட்டும் இருக்கிற ஊரு மாதிரி. டென்னசி பக்கம் ரீல்ஃபுட் ஏரின்னு இன்னொண்ணு, 1811, 1812-ல வந்த நியூ மேட்ரிட் பூகம்பத்துல நிலம் தாழ்ந்து உருவானது, அங்கயும் தண்ணிக்குள்ள சைப்ரஸ் நிக்குது. ஆழத்துல நிக்கிற மரத்தப் பாத்துட்டு இந்த மரத்துக்கு ஆழந்தான் பிடிக்கும் போலன்னு நெனச்சா தப்பு, அது வேற வழி இல்லாம தாங்கிட்டு நிக்குது.

நம்ம குளத்துக்கும் இதான் கதை. சுசீந்திரம் தேரூர் குளங்களும் வேம்பனூர் குளமும் 2022-ல உலக அளவுல முக்கியமான சதுப்பு நிலங்களோட ராம்சார் பட்டியல்ல சேந்துச்சு, நல்ல விஷயம், ஆனா அதுக்குப் பிறகு குளம்னா வருஷம் பூரா கரை முட்ட தண்ணி நிக்கணும்னு ஒரு பேச்சு நிறைய கேக்குறேன். எங்க தாத்தா காலத்துல குளம் அப்பிடி இல்ல. ரெண்டு மழைலயும் நிறையும், கன்னிப்பூவுக்கும் கும்பப்பூவுக்கும் மடை திறந்து விடுவாங்க, கும்பப்பூ அறுத்து முடிஞ்சு கோடைல குளம் இறங்கும், ஓரம் வெடிக்கும், வண்டல் வெட்டி வயலுக்குக் கொண்டு போவாங்க, மீன் பிடிப்பாங்க. அந்த இறங்குற நேரத்துலதான் கரையோரம் புல்லு பூண்டு முளைக்கும், கொக்கும் நாரையும் வந்து இறங்கும்.

நாரைன்னு சொன்னதும் இன்னொண்ணு. தேரூர் குளத்துலயும் மணக்குடிலயும் சங்குவளை நாரை பாத்திருப்பீங்க, மஞ்சமூக்கு நாரைன்னும் சொல்லுவாங்க, றெக்கைல கறுப்பு வெள்ளை, வால் பக்கம் ரோஸ். அதோட ஒரே பேரினத்துச் சொந்தம் ஒண்ணு ஃப்ளோரிடால சைப்ரஸ் மேல கூடு கட்டுது, வுட் ஸ்டார்க்னு பேரு. ரெண்டும் மீன் பிடிக்கிற விதம் ஒண்ணுதான், பாதி திறந்த அலகை தண்ணிக்குள்ள வெச்சுட்டு நடக்கும், மீன் வந்து அலகுல தட்டின நிமிஷம் டப்புன்னு மூடும், கண்ணால பாத்துப் பிடிக்கிறது இல்ல. அதுக்கு தண்ணி இறங்கி மீனு எல்லாம் சின்னச் சின்ன குட்டைல நெருங்கிக் கிடக்கணும். ஃப்ளோரிடால சதுப்பு வத்துற பருவத்துலதான் அது குஞ்சு வளக்குது, வத்தாத வருஷம் குஞ்சுக்குத் தீனி போதாம கூட்டை விட்டுட்டுப் போயிரும். தண்ணி நிக்கிறதும் வத்துறதும் சேந்தாத்தான் அது சதுப்பு, நிறைஞ்சே கிடந்தா அது தொட்டி.

காத்துக்கு இந்த மரம் நிக்கிற நிலை தனியா சொல்லணும். 2017 நவம்பர் 30 நம்ம மாவட்டத்துல யாருக்கும் மறக்காது. ஓகி புயல் அடிச்சப்ப கடல்ல போனவங்க திரும்பி வராத வேதனை அது வேற, அதப் பத்தி இங்க எழுத எனக்கு மனசு வரல. கரைல ரப்பர் மரம் நடுவுல முறிஞ்சு ஏக்கர் ஏக்கரா கிடந்துச்சு, வாழை மிச்சம் இல்ல, தெங்கு வேரோட சாஞ்சுச்சு. அமெரிக்கால 2005-ல கத்ரீனா புயல் அடிச்சப்ப ஆத்தங்கரைக் காட்டுல மத்த அகல இலை மரங்க நிறைய சாஞ்சுது, சைப்ரஸ் சதுப்பு ரொம்பக் குறைவா அடி வாங்கிச்சு. வீங்கின அடிமரம், நாலா பக்கமும் ஒண்ணுக்கொண்ணு பின்னிக் கிடக்கிற வேரு, காத்த பிடிக்காத இறகு இலை, அதுவும் கொம்பு முறிஞ்சா முறியட்டும்னு விட்டுட்டு அடிமரத்தக் காப்பாத்திக்கும். அதனாலதான் வயசான மரங்க எல்லாம் உச்சி முறிஞ்சு தட்டையா நிக்குது.

வயசுன்னா சாதாரண வயசு இல்ல. நார்த் கரோலினால பிளாக் ஆத்தங்கரைல ஒரு மரத்துல மெல்லிசா துளை போட்டு வளையம் எண்ணினதுல குறைஞ்சது 2,624 வருஷம்னு 2019-ல அறிவிச்சாங்க, ஆர்க்கன்சாஸ் பல்கலைக்கழகத்து டேவிட் ஸ்டாலே குழு. நம்ம சங்கப் பாட்டு பாடினவங்க பிறக்கிறதுக்கு முன்னாடி அது கண்ணு. இதே ஸ்டாலே 1998-ல இன்னொண்ணும் சொல்லிருக்காரு. இங்கிலாந்துக்காரங்க 1587-ல ரோனோக் தீவுல ஒரு குடியேற்றம் வெச்சாங்க, பிறகு வந்து பாத்தா ஒருத்தர் இல்ல, எங்க போனாங்கன்னு தெரியாத பெரிய மர்மம். சைப்ரஸ் வளையத்தப் பாத்தா 1587-ல இருந்து 1589 வரைக்கும் 800 வருஷத்துல இல்லாத வறட்சி அங்க அடிச்சிருக்கு, வளையம் நூலு மாதிரி ஒடுங்கிப் போயிருக்கு. தண்ணியில நிக்கிற மரம் வறட்சிய எழுதி வெச்சிருக்கு பாருங்க. வருஷத்துக்கு ஒரு வரியா.

ஃப்ளோரிடால 3,500 வருஷம் இருக்கும்னு மதிப்பிட்ட ஒரு மரம் இருந்துச்சு, செனட்டர்னு பேரு. 1925-ல புயல் அடிச்சு உச்சி போச்சு, அப்பவும் நின்னுச்சு. 2012 ஜனவரில உள்ள பொந்துக்குள்ள யாரோ வெளிச்சத்துக்காக மூட்டின தீயில எரிஞ்சு விழுந்துச்சு. இத படிச்ச அன்னைக்கு எனக்கு ராத்திரி சோறு இறங்கல.

மரக்கட்டை பத்தி சுருக்கமா சொல்றேன். நம்ம ஊர்ல வள்ளத்துக்கு அயினி எப்பிடியோ அங்க சைப்ரஸ் அப்பிடி, அழுகாது, கரையான் சீக்கிரம் தொடாது, வள்ளம், தண்ணித் தொட்டி, கூரைப் பலகை எல்லாம் இதுல செஞ்சாங்க. அந்த உறுதி எல்லாம் பழைய மரத்தோட காதல்ல, அதான் நடுவுல உள்ள வயிரக் கட்டைலதான், இள மரத்துல அவ்வளவு கிடையாது. பச்சை மரம் கனம் அதிகம், வெட்டினா தண்ணில தாழ்ந்துரும், அதனால முதல்ல சுத்தி பட்டைய வெட்டி நின்ன இடத்துலயே மரத்தை பட்டுப்போக விட்டு, காஞ்ச பிறகு வெட்டி மிதக்க விடுவாங்க. அப்பிடியும் தாழ்ந்து போன தடிய இன்னைக்கும் ஆத்தடில இருந்து எடுத்து நல்ல விலைக்கு விக்கிறாங்க. 1880-ல இருந்து ஒரு 50 வருஷத்துல லூசியானா பக்கம் பழைய காடு கிட்டத்தட்ட முழுசும் போயிருச்சு. ஃப்ளோரிடால கார்க்ஸ்க்ரூ சதுப்ப 1954-ல பறவைப் பாதுகாப்புக்கு உள்ள ஆடுபான் அமைப்பு வாங்கிக் காப்பாத்தலன்னா அதுவும் போயிருக்கும். லூசியானா 1963-ல இத மாநில மரமா அறிவிச்சுச்சு, அதுக்குள்ள பெரிய மரங்க போயாச்சு.

வெட்டு நின்ன பிறகு வந்தது உப்பு. மெக்சிகோ வளைகுடால இருந்து நியூ ஆர்லியன்ஸுக்கு கப்பல் நேரா வரட்டும்னு 1960கள்ல ஒரு கால்வாய் வெட்டினாங்க, கப்பல் வந்துச்சோ இல்லையோ கடல் தண்ணி உள்ள வந்துச்சு. இந்த மரத்துக்கு எவ்வளவு வெள்ளமும் பரவால்ல, உப்பு ஆகாது. கடல் தண்ணில ஒரு லிட்டருக்கு ஏறக்குறைய 35 கிராம் உப்பு, அதுல மூணுல ஒரு பங்கு தொடந்து நின்னாலே கண்ணு பிழைக்காது, பெரிய மரமும் மெல்ல மெல்லப் பட்டுரும். ஆயிரக்கணக்கான ஏக்கர் சைப்ரஸ் நின்ன நிலையிலயே செத்துச்சு. 2009-ல அந்தக் கால்வாய அடைச்சாங்க. அந்தக் காட்டு போட்டோவ அம்மாட்ட காட்டினா, கேடோ போட்டோவுக்கும் இதுக்கும் என்ன வித்தியாசம்னு கேட்டாங்க. கேள்வி சரிதான், குளிர்காலத்துல ரெண்டும் ஒரே மாதிரித்தான் இருக்கும், மார்ச்லதான் தெரியும். கடலோர ஊர்ல கிணத்துல உப்பு ஏறி தெங்கோட குருத்து வாடுறத பாத்தவங்களுக்கு இது விளக்க வேண்டாம்.

இத எல்லாம் பேசும்போது ஒரு நண்பர் கேட்டாரு, ஆன்லைன்ல இதோட விதை கிடைக்குதாம், நம்ம குளக்கரைல நட்டா என்னன்னு. நான் வேண்டாம்னுதான் சொல்லுவேன். முட்டு அழகா இருக்குன்னு கொண்டு வந்து வெச்சா, நம்ம பறவைக்கும் பூச்சிக்கும் அதுல என்ன இருக்கு? குழித்துறை தாமிரபரணிக் கரைல நீர்மருது நிக்குது, வெள்ளத்துல அடியும் வாங்கும், கோடைல இலையும் கொட்டும், அதோட வேரு கரைய பிடிச்சு நிறுத்துறத பாத்தா சைப்ரஸுக்கு ஒண்ணும் குறைச்சல் இல்ல. கடற்கரைப் பக்கம் புன்னை இருக்கு, ஓடைக்கரைல கைதை இருக்கு, அதுவும் முட்டுக் கொடுத்துத்தான் நிக்குது, காயல்ல கண்டல் இருக்கு. இதுல எதுவும் போதாதுன்னு எனக்குத் தோணல. சைப்ரஸ் அது பிறந்த ஆத்துல நிக்கட்டும், நாம போட்டோல பாப்போம்.

மார்ச்ல அவன் மறுபடி போயிருந்தான், அதே இடத்துல நின்னு அதே மரத்த எடுத்து அனுப்பினான், கொம்பு பூரா வெளிறின பச்சை. அம்மா போன வாங்கி ரொம்ப நேரம் பெருசாக்கி பெருசாக்கி பாத்தாங்க. நான் அவன்ட்ட பெரிய மரம் போதும் மக்ளே, சின்னக் கண்ணு எங்கயாவது இருக்கான்னு பாரு, தண்ணி தொடாத ஓரத்துல தேடுன்னு சொன்னேன். ஒரு மணி நேரம் கழிச்சு ஒரு போட்டோ வந்துச்சு. படகு இறக்குற சரிவுக்குப் பக்கத்துல ஈர மண்ணு, அதுல விரல் நீளத்துல ரெண்டு வரிசை இலையோட ஒரு கண்ணு, பக்கத்துல அளவுக்காக அவன் வெச்ச கார் சாவி.